டிக்கெட்டில் இருந்த பெயர்

"உங்க மகன் தண்ணி போடுவாரா?"

"இல்லைங்க."

"கடன், காதல், வீட்டுல சண்டை?"

"இல்லைங்க."

"அப்புறம் ஏம்மா படிக்கட்டுல போய் நின்னாரு?"

"உள்ள சனம் நெருக்கித் தள்ளுச்சுன்னு கூட வந்தவங்க சொன்னாங்க."

மடிக்கணினித் திரையில் இருந்த ரயில்வே வக்கீலுக்கு வீரம்மா குரல் நடுங்காமல் பதில் சொன்னாள். கேட்டதற்கு மட்டும் பதில் சொல்ல வேண்டும் என்பது அவளுடைய வக்கீல் சுசித்ராவின் கட்டளை.

இழப்பீட்டுத் தீர்ப்பாயம் சென்னையில். அதை வீடியோவில் பார்க்க, மலைமேல் நாயுடுபுரத்தில் பேக்கரிக்கு மேலே இருந்த சுசித்ராவின் அலுவலகத்தில் மூன்று பேர்: சுசித்ரா, வீரம்மா, இன்றைக்கு முதல்முறையாக அவள் கூட்டிவந்திருந்த மகன். இன்னொரு மகன் பதினாலு மாதத்துக்கு முன் வடமதுரைக்குப் பக்கத்தில் ரயிலிலிருந்து விழுந்து செத்துப்போனான்.

"அவர் பயணியே இல்லைங்கய்யா. தண்டவாளத்தைத் தாண்டும்போது அடிபட்டவர்" என்றார் ரயில்வே வக்கீல்.

பயணி என்றால் எட்டு லட்சம். தாண்டியவன் என்றால் ஒன்றும் கிடையாது. செத்தவன் மேலேயே குற்றம். அந்த ஒரு சொல்லுக்காகத்தான் வீரம்மா கேரட் தோட்டக் கூலியை இழந்து ஒரு வருஷமாக அலைந்தாள்.

சுசித்ரா விடவில்லை. "எங்க மலைக்கு ரயிலே கெடையாதுங்கய்யா. தண்டவாளத்தைத் தாண்டிப் பாக்கவா ஒருத்தன் மூணு மணி நேரம் பஸ்ல மலையெறங்கி வருவான்? சட்டைப்பையில ரிசர்வேஷன் டிக்கெட் இருந்துச்சு. கூடவே ஆதார் கார்டு. ரெண்டுலயும் ராஜ்மோகன்ங்கற ஒரே பேரு, ஒரே வயசு. இதுக்கு மேல என்ன வேணும்?"

அந்தக் கார்டில் இருந்த விலாசத்தைப் பார்த்துத்தான் ரயில்வே போலீஸ் வீரம்மாவின் ஊரான அட்டுவம்பட்டிக்குத் தகவல் அனுப்பியது.

நீதிபதி காகிதங்களைப் புரட்டினார். "ராஜ்மோகன்..." என்று வாசிக்கத் தொடங்கினார்.

மகன் சட்டென்று எழுந்து நின்றான். வீரம்மா அவன் சட்டையைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தாள்.

"செத்தவருக்கு மரியாதையெல்லாம் அப்புறம் பண்ணலாம் தம்பி. கேமராவை மறைக்காத" என்று சுசித்ரா பல்லைக் கடித்தாள்.

"...முறையான பயணி என்று இந்தத் தீர்ப்பாயம் முடிவு செய்கிறது. எட்டு லட்சம், வட்டியுடன்."

திரை அணைந்தது. சுசித்ரா மேஜையை ஓங்கித் தட்டினாள். "ஜெயிச்சிட்டோம்க்கா! என்னக்கா, மரம் மாதிரி உக்காந்திருக்கீங்க?"

வீரம்மா ஜன்னலுக்கு வெளியே பனிமூட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அவன் டிக்கெட் எடுக்காமப் போற பய இல்லைங்க" என்றாள். அவ்வளவுதான்.

"பேங்க் ஃபாரத்தை வெரசா முடிச்சிருவோம். சாட்சிக் கையெழுத்து நீ போடு தம்பி. உன் ஆதார் குடு."

அவன் கையைப் பிசைந்தான். வீரம்மாதான் பேசினாள்.

"வீட்டுல ரெண்டு பயலுக்கும் ஒத்தக் கார்டுதாங்க. இன்னொருத்தனுக்கு எடுக்கப் போனோம், பொறப்புச் சீட்டு எங்கன்னாங்க. எஸ்டேட் கூலி லயத்துல பொறந்த பிள்ளைக்கு ஏதுங்க சீட்டு? எங்க அய்யா இந்தியாவுக்குத் திரும்பி வரையில தலைமன்னாருல கப்பலேறுன அட்டையக் காட்டுனேன். இது செல்லாதுன்னாங்க. மூணு தடவ அலைஞ்சோம், விட்டுட்டோம். மலையெறங்கி வேலைக்கு யாரு போறானோ, கார்டு அவன் பையில போயிரும்."

"நல்ல குடும்பம்க்கா!" சுசித்ரா சலித்துக்கொண்டாள். ஆபீசில் கேட்ட சீட்டு இல்லாமல் அவளிடம் வாரத்துக்கு நாலு பேராவது வருகிறார்கள். "சரி, சாட்சிக்கு வேற ஆளைப் பாத்துக்கலாம். குடும்ப விவரத்துல மட்டும் உன்னைச் சேக்கணும். பேரு சொல்லு தம்பி."

அவன் வாயைத் திறந்தான். தாயைத் திரும்பிப் பார்த்தான்.

வீரம்மா இன்னும் ஜன்னலையே பார்த்திருந்தாள்.

"எழுதிக்குங்கம்மா. ராஜ்மோகன்."