கூப்பிட்டால் வராதவர்

நீதிமன்றம் மறுபடி விசாரிக்கச் சொன்ன கோப்பு அதிகாரியின் மேஜையில் விரிந்து கிடக்கிறது. ‘கரண்ட் போனால் கூப்பிட்டாலும் வருவதில்லை’ என்ற ஒற்றைப் புகார் வரிக்காக, ஒன்பது கிராமங்களுக்கு மின்சாரம் விநியோகித்தவரின் உரிமத்தை ரத்து செய்திருக்கிறார்கள். அவரும் மனைவியும் எதிரே உட்கார்ந்திருக்கிறார்கள். திடீரென்று மின்விசிறி தளர்ந்து நிற்கிறது. ஜன்னல் வெயில் மட்டும் காகிதங்கள்மேல் மஞ்சளாகப் படிந்திருக்கிறது. அதிகாரி கழுத்து வேர்வையைத் துடைத்துவிட்டு நிமிர்ந்தால், எதிரே அவருடைய நாற்காலி மட்டும் காலி. “எங்கேம்மா போயிட்டாரு? விசாரணை நடக்குதில்ல?” “கரண்ட் போச்சுங்களே, அவருக்கு இருப்புக் கொள்ளாது” என்கிறாள் மனைவி. வெளியே நடைக்கூடத்தில் ஃபியூஸ் கட்டை ‘டக்’கென்று பொருந்துகிறது. விசிறி முனகிக்கொண்டே சுழல்கிறது. படபடக்கும் தாளை உள்ளங்கையால் அழுத்திக்கொண்டு அந்த வரியை இன்னொரு முறை படிக்கிறார் அதிகாரி. “அவரை யாரும்மா கூப்பிட்டது?” “யாரும் கூப்பிடலையேங்க.” அந்த வரியை அடிக்க அதிகாரி பேனா மூடியைக் கழற்றுகிறார்.