மைதானத்துக்கு ஒரு வாய்தா

மலையின் நிழல் வேங்கிக்கால் மைதானத்தில் மெல்ல நகர்ந்து ஒரு பக்கத்துக் கோல் கம்பத்தை மூடிவிட்டது. மறுபக்கம் செம்மண் தூசி பொன்னிறமாய் மிதக்க, ஆட்டக்காரர்கள் தண்ணீருக்குள் ஓடுவதுபோல் ஓடுகிறார்கள். கோர்ட்டிலிருந்து நேராக வந்த வக்கீல் முருகையன் கறுப்புக் கோட்டைக் கழற்றாமல் ஓரமாக நிற்கிறார். அவர் ஜென்மத்தில் பந்தை உதைத்ததில்லை. இந்த இடத்து வழக்கில், ஒரே மாமியாரை மூன்று முறை சாகடித்து, பதினோரு வருடம் வாய்தா வாங்கியதற்காகவே கால்பந்துக் கழகம் அவரைத் தலைவராக்கியது. இன்று அப்பீலிலும் தோற்றாயிற்று. நாளை மனைக்கல் நட ஆள் வருகிறது. அதை அவர் இன்னும் யாரிடமும் சொல்லவில்லை. “என்ன சார், மாமியார் சௌக்கியமா?” என்று பந்தோடு ஓடும் கேப்டன் வல்லரசு கேட்கிறான். “கல்லாட்டம் இருக்காங்க. நீ ஆடுப்பா.” நடுவர் காசி கடிகாரத்தைப் பார்த்துவிட்டு விசிலை உதட்டில் வைக்கிறார். முருகையன் அவரிடம் போய், நீதிபதி முன் நிற்பதுபோல் லேசாகக் குனிகிறார். “இன்னும் அஞ்சு நிமிஷம் குடுங்க.” “காரணம் இன்னா சார்?” என்கிறார் காசி. முருகையன் வாயைத் திறக்கிறார். பதினோரு வருடத்தில் முதன்முறையாக ஒரு பொய்யும் வரவில்லை. காசி அவர் முகத்தையே பார்க்கிறார். பிறகு விசிலைச் சட்டைப்பையில் போட்டுக்கொள்கிறார். நிழலுக்குள் பந்து உதைபடும் சத்தம் கேட்டுக்கொண்டே இருக்கிறது.