ஊரில எவடம்?

"அப்பா, காலில விழுந்து கேக்கிறன். நாளைக்கு கேற்றி வரேக்க அந்தக் கேள்வியை மட்டும் கேட்டுப்போடாதேங்கோ!"

ரதீசன் கெஞ்சினான். நகுலேஸ்வரன் புத்தகத்திலிருந்து தலையைத் தூக்கவில்லை.

அந்தக் கேள்வி எது என்று அந்த வீட்டில் யாருக்கும் விளக்கத் தேவையில்லை. 'ஊரில எவடம்?' மொன்ட்ரியலுக்குப் பக்கத்து டொலார்ட்-டெஸ்-ஓர்மோவில் கோயில் வாசலோ கலியாண வீடோ, ஒரு தமிழ் முகத்தைக் கண்டால் போதும், மனுசன் தொடங்கிவிடுவார். யாழ்ப்பாணம் என்றால் எந்தக் கிராமம்? கிராமத்தைச் சொன்னால், கோயிலுக்கு அங்காலையோ இஞ்சாலையோ? அதையும் சொல்லித் தொலைத்தால், எந்தச் சந்து, எந்த ஒழுங்கை? எதிரில் நிற்கிறவருக்கு வேர்த்துவிடும். சாதி அறியத்தான் இந்தச் சுத்து எல்லாம் என்று பின்னால் எல்லோரும் குசுகுசுப்பார்கள்.

"அவள் அமெரிக்கப் பிள்ளை அப்பா. அவளிட்டை ஒழுங்கையும் இல்லை, ஒரு மண்ணும் இல்லை."

"ம்."

அந்த 'ம்'தான் தாய் குணேஸ்வரிக்குப் பயத்தைக் கிளப்பியது. கேற்றியைத்தான் கட்டப்போகிறேன் என்று மகன் சொன்ன நாளிலிருந்து மனுசன் அறைக்கதவைச் சாத்திக்கொண்டு கிடக்கிறார். தபாலில் தடித்தடிப் புத்தகங்களாக வருகின்றன. வந்ததும் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி எல்லாவற்றுக்கும் பழைய கோயில் கலண்டர் தாளில் உறை போட்டுவிடுவார். சாத்திரப் புத்தகங்கள்தான், தோசம் கீசம் கண்டுபிடித்துக் கலியாணத்தைக் குழப்பப்போகிறார் என்று அவள் முடிவே கட்டிவிட்டாள்.

அதனால், "மருமகள் எவடத்துப் பிள்ளை?" என்று சிநேகிதி புஷ்பவதி போனில் கேட்டபோது வெடுக்கென்று பதில் வந்தது.

"அமெரிக்கன். அதுக்கு மேல நான் கேக்கேல்லை. என்ரை மனுசன் மாதிரி ஊர் விசாரிக்கிற குணம் எனக்கில்லை. மனுசரை மனுசராப் பாக்கோணும், புஷ்பவதி!"

அடுத்த நாள் மத்தியானம் கேற்றி பூங்கொத்தோடு வந்தாள். குணேஸ்வரி கட்டிப்பிடித்தாள், கொஞ்சினாள், இடியப்பத்தை அடுக்கினாள். தெரிந்த இங்கிலீஷில் "ஈட், ஈட்" என்றாள். பிள்ளை எல்லாவற்றுக்கும் சிரித்து, நன்றி சொல்லி, சொதியைக் குடித்தது. பிறகு கதைக்க ஒன்றுமில்லை. குணேஸ்வரி இன்னொரு இடியப்பம் வைத்தாள்.

அறைக்கதவு திறந்தது. அயர்ன் பண்ணின சேர்ட்டோடு நகுலேஸ்வரன் வந்து கேற்றிக்கு முன்னால் உட்கார்ந்தார். ஒருதரம் செருமினார். இங்கிலீஷில் கேட்டே விட்டார்.

"ஊரில எவடம்?"

ரதீசன் முகத்தைப் பொத்தினான். குணேஸ்வரி மேசைக்குக் கீழால் மனுசனின் காலை மிதித்தாள்.

"அமெரிக்கா, அங்கிள். மொன்டானா."

"அது தெரியும். மொன்டானாவில எவடம்?"

"சின்ன இடம். சொன்னாலும் தெரியாது."

"சொல்லும் பிள்ளை."

"சோட்டோ."

மிதி பலமாக விழுந்தது. மனுசன் அசையவில்லை.

"அட, மலையடிவாரம்! பங்குனியில வெள்ளை வாத்துகள் வானத்தை மூடிக்கொண்டு வந்து இறங்கிற குளம் ஒண்டு கிட்ட இருக்கெல்லே? நீங்கள் குளத்துக்கு அங்காலையோ, இஞ்சாலையோ?"

கேற்றியின் கரண்டி நின்றுவிட்டது.

"வடக்கால... எங்கட வயலிலயும் இறங்கும். அப்பா விடியக்காலமை என்னைத் தூக்கிக்கொண்டு போய்க் காட்டுவார்." அவளுக்குக் கண் கலங்கிவிட்டது.

"பொறும், பொறும்!"

உள்ளே ஓடிப்போய் ஒரு அடுக்குப் புத்தகத்தைத் தூக்கி வந்தார். வந்த அவசரத்தில் முருகன் படம் போட்ட உறை ஒன்று கழன்று விழுந்தது. உள்ளே தோசமும் இல்லை, சாத்திரமும் இல்லை. மொன்டானா மாநிலத்தின் சரித்திரம். மற்றதில் அங்கத்தைய பறவைகள். இன்னொன்றில் ஆறு, குளம், காடு, மலை. வரைபடத்தை விரித்தார். கேற்றி விரலை வைத்துப் பள்ளிக்கூடம் காட்டினாள், ஆறு காட்டினாள், அப்பாவின் வயலைக் காட்டினாள். அவள் வாய் ஓயவில்லை. ரதீசனே இவ்வளவும் கேட்டதில்லை.

"மொன்ட்ரியலுக்கு வந்த நாளிலயிருந்து, அமெரிக்கா எண்டு சொன்னவுடனை எல்லாரும் அதோட விட்டுடுவினம்," என்றாள் கேற்றி. "ஒருத்தரும் எங்கட குளம் வரைக்கும் வரேல்லை, அங்கிள்."

"இதுக்கோ அப்பா கதவைச் சாத்திக்கொண்டு இருந்தனீங்கள்?" ரதீசன் கீழே விழுந்த உறையை எடுத்துக் கொடுத்தான்.

"பின்னை? ஆக்களோட கதை துவங்க எனக்குத் தெரிஞ்ச கேள்வி இது ஒண்டுதான். மறுமொழி விளங்காமல் கேட்டா மரியாதையோ?"

குணேஸ்வரி மெல்லக் காலை எடுத்துக்கொண்டாள். வீட்டுக்கு வரமுன்னமே கேற்றியை எத்தனை தரம் வெளியில் கூட்டிப்போய்ச் சாப்பாடு வாங்கிக் கொடுத்திருப்பாள்! பிள்ளையின் வீட்டுக்கு வயல் இருப்பதே இப்போதுதான் தெரிகிறது. வெட்கமாகப் போய்விட்டது.

விடிந்ததும் முதல் வேலையாகப் போனை எடுத்தாள்.

"புஷ்பவதி, மருமகள் எவடமெண்டு அண்டைக்குக் கேட்டனீரல்லே? இப்ப கேளும்!"