டம்மியின் ஒரே கேள்வி

ஞானவரதனின் நாவலில் பாதியை வெட்டி ஒழுங்குபடுத்தியவர் எடிட்டர் வைகுந்தம். வெட்டிய தாளில் அவர் வீட்டில் ஒரு வருஷம் வெந்நீர் காய்ந்தது. நம்பாவிட்டால் அவர் மனைவியைக் கேளுங்கள். நாவலுக்கு விருது கிடைத்தது. "இதில் ஓர் எழுத்தையும் இன்னொருவர் தொட்டதில்லை" என்றார் ஞானவரதன், மேடையில். வைகுந்தமும் கைதட்டினார்.

மறுநாள் பிரிட்ஜ் சீட்டாட்ட இறுதிப்போட்டியில் இருவரும் ஜோடி. வைகுந்தம் டம்மி. டம்மி தன் சீட்டுகளை மேஜையில் பரப்பிவிட்டு வாயை மூடிக்கொள்ள வேண்டும்; ஆடுவது ஜோடிதான். ஹார்ட்டின் இறங்கும்போது ஜோடி வேறு இனச் சீட்டைப் போட்டால் மட்டும், "ஹார்ட்டின் இல்லையா?" என்று கேட்கலாம். எப்போதும் கேட்பார். அன்று ஹார்ட்டின் இறங்கியபோது, அதைக் கையில் வைத்துக்கொண்டே ஞானவரதன் கவனிக்காமல் கிளாவரைப் போட்டார். வைகுந்தம் மின்விசிறியைப் பார்த்தார். இனம் மாற்றிப் போட்டதற்கான அபராதத்தில் கோப்பை போயிற்று.

"ஒரு வார்த்தை கேட்டிருக்கக் கூடாதாய்யா?"

"உங்க ஆட்டத்த இன்னொருத்தர் தொடலாமா சார்?"