சிறுசேரிக்காரன் பெட்டி

பிணத்தைச் சுற்றி நின்ற கூட்டத்தைவிடப் பெட்டியைச் சுற்றி நின்ற கூட்டம்தான் அதிகம். செத்துப்போன கிழவர் திருவேங்கடம், தன் வீட்டு வாசலில், சாமியானாவுக்குக் கீழே, பெஞ்சில் தனியாகப் படுத்திருந்தார். உயிரோடு இருந்தபோதும் அவரை யாரும் கவனித்ததில்லை. அதனால் அவருக்கு இது ஒன்றும் புதிதில்லை.

பெட்டி பரணிதரனுடையது. சிறுசேரியில் கம்ப்யூட்டர் கம்பெனியில் வேலை பார்க்கிறவன். மகாபலிபுரத்துக்கு வடக்கே இருக்கும் அந்த மீனவக் குப்பத்துக்கு ஞாயிற்றுக்கிழமை வஞ்சிரம் வாங்க வந்தான். பஞ்சாயத்து நடப்பதைப் பார்த்ததும், எங்கே போனாலும் தூக்கிக்கொண்டு திரியும் அந்தச் சாமானைப் பையிலிருந்து எடுத்து நடுவில் வைத்துவிட்டான்.

டிபன் கேரியருக்குக் கடிகாரம் பற்றவைத்த மாதிரி இருந்தது அது. மேலே ஒரு சிவப்பு விளக்கு, ஒரு பச்சை விளக்கு, திருப்போரூர் முருகனிடம் பூஜை போட்ட ஒரு எலுமிச்சம்பழம். அவ்வளவு படித்தவனுக்கும் கடைசியில் எலுமிச்சம்பழத்தின் மேல்தான் நம்பிக்கை.

பஞ்சாயத்து இதுதான். குப்பத்தில் சாவு விழுந்தால் பிணம் எடுக்கிறவரை யாரும் கடலில் போட் இறக்கக் கூடாது. சடையன் விடியற்காலையில் இறக்கிவிட்டான். கிழவர் அதற்கு முன்பே செத்திருந்தால் சடையன் போட் ஒரு மாசம் கரையில் கிடக்க வேண்டும். இறால் சீசனில் ஒரு மாசம் கரையில் கிடந்தால் அவன் வீட்டில் அடுப்பு எரியாது.

"பொய் சொன்னா புடிச்சுக் குடுக்குமா சார் இது?" என்று கேட்டார் குப்பத்துத் தலைவர் தர்மராஜ்.

"இல்லைங்க. ஆளுக்கு ஒரு கதை சொன்னா கத்தும். எல்லாரும் ஒரே கதையைச் சொல்லிட்டா, நேரத்தை அந்தக் கதைக்கு ஒத்துப்போக வச்சிடும்" என்றான் பரணிதரன்.

யாருக்கும் புரியவில்லை. அதனால் உடனே நம்பிவிட்டார்கள்.

தலைவரே முதலில் பெட்டி மேல் கை வைத்தார். "நான் சொன்ன மாதிரி எட்டு மணிக்கே வந்துட்டேன்" என்றார். அவர் வந்தது ஒன்பதுக்கு. தலைவராயிற்றே, கூட்டம் முழுக்க "ஆமா, ஆமா" என்றது. பச்சை விளக்கு எரிந்தது. தலைவர் தன் வாட்சைப் பார்த்தார். எட்டு காட்டியது.

"கருமம், பேட்டரி பூட்ச்சி" என்று உதறிக்கொண்டார்.

அடுத்து திருவேங்கடத்தின் மகன் எழில் கை வைத்தான். அவனுக்கும் சடையனுக்கும் வலை விரிக்கிற இடத்தில் வந்த தகராறு. ஒரு வருஷமாகப் பேச்சு இல்லை. "நைனா ராத்திரியே பூட்டாரு. தெரிஞ்சேதான் இவன் போட்டை எறக்கினான்" என்றான்.

"யாருக்குடா தெரியும்?" என்று சடையனும் கை வைத்தான். "நான் எறக்கசொல்ல பெருசு வாசல்ல நின்னுகினு எனக்குக் கை காட்டுச்சு."

அவன் பார்த்தது கொடியில் காற்றுக்கு ஆடிய கிழவரின் சட்டையை. சிவப்பு விளக்கு எரிந்து, பெட்டியின் மணி காது கிழிய அடித்தது.

சடையன் பெண்டாட்டி மீனாட்சி மணியைவிடச் சத்தமாகக் கேட்டாள். "ராத்திரியே பூட்டாருன்னா, விடியற வரைக்கும் நீங்கோ இன்னா பண்ணிகினு இருந்தீங்கோ? பெத்த அப்பன் செத்தது தெரியாமயா கொறட்ட வுட்டீங்கோ?"

கூட்டத்தில் சிரிப்பு கிளம்பியது. எழில் பெண்டாட்டி யோகேஸ்வரிக்குப் பொறுக்கவில்லை. அவளும் வந்து கை வைத்தாள். "யாரைப் பாத்து இன்னா பேசற? விடியகாலையில மாமா எங்கையால காப்பி குடிச்சாரு!"

"காப்பியா? நீயா? டீக்கட வாசல்ல ஓசி டீக்கு அவரு தெனமும் நின்னுகினு இருந்தத ஊரே பாத்துச்சுடி!"

"குடிச்சாருன்னா குடிச்சாரு!"

மணி நிற்கவில்லை. மூன்று கை, மூன்று கதை. எழில் முழித்தான். ராத்திரி என்று நின்றால், அப்பன் செத்ததுகூடத் தெரியாத பிள்ளை என்று பேர். காலை என்று இறங்கினால் சடையன் தப்பித்துவிடுவான். பெண்டாட்டி அவனை ஒரு முறை முறைத்தாள். அதோடு அவனுக்கு எல்லாம் ஞாபகம் வந்துவிட்டது.

"சரி, விடியசொல்ல காப்பி குடிச்சாரு. வாசலுக்கும் வந்தாரு."

"எனக்குக் கை காட்டுனாரா, இல்லியா?" சடையன் விடவில்லை.

"காட்டுனாரு, போய்த் தொல!"

"காப்பி குடிச்சத நானும்தான் பாத்தேன்" என்று சடையன் தாராளமாகச் சேர்த்துக்கொண்டான்.

மணி நின்றது. பச்சை எரிந்தது. எலுமிச்சம்பழம் உருண்டு மணலில் விழுந்தது. வெயில் சட்டென்று இறங்கியது. மேகம் என்று நினைத்தார்கள். தலைவர் வாட்சைப் பார்த்தார். காலை ஆறு. தட்டிப் பார்த்துவிட்டுக் கழற்றிப் பையில் போட்டுக்கொண்டார்.

"சடையன் மேல தப்பு இல்ல, பொட்டியே சொல்லிட்ச்சு. பாடையக் கட்டுங்கப்பா" என்றார்.

பாடை கட்டப் போனவர்கள் மூங்கிலைப் போட்டுவிட்டு ஓடி வந்தார்கள். பெஞ்சின் மேல் திருவேங்கடத்தின் கை உயர்ந்து, சடையனைப் பார்த்து இரண்டு ஆட்டு ஆடியது. அப்புறம் அது மூக்கில் இருந்த பஞ்சைப் பிடுங்கியது, தாடைக் கட்டை அவிழ்த்தது. கிழவர் எழுந்து உட்கார்ந்து நாக்கைச் சப்புக்கொட்டினார். மருமகளைத் தேடினார்.

"இன்னா யோகேசு, காப்பில சக்கரயே காணோம்?"