பத்தாவது கையெழுத்து

"ஒரு பேரை எழுதினா உன் கை அழுகிப் போயிடுமாய்யா?"

ரிட்டையர்டு தாசில்தார் பழனிசாமி போட்ட சத்தத்தில், ஏரிப் பக்கம் போய்க்கொண்டிருந்த டூரிஸ்ட்டுகள் இரண்டு பேர் நின்று எட்டிப் பார்த்தார்கள்.

வாசகசாலை அட்டெண்டர் சென்றாயன் வருகைப் பதிவேட்டை மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார்.

"வராதவரு பேரை எப்படிங்க எழுதறது?"

எண்பத்து நாலாம் வருஷத்துக் கோடை. ஏற்காட்டு வாசகசாலையில் ஞாயிறுதோறும் காலை பத்து மணிக்கு 'தத்துவ அறிமுகம்' வகுப்பு. ரிட்டையரான பேராசிரியர் ஆரோக்கியதாஸ், சேலத்திலிருந்து பஸ் ஏறி, கொண்டை ஊசி வளைவுகளில் குமட்டலை அடக்கிக்கொண்டு வந்து, சம்பளமில்லாமல் நடத்துவது. மனைவி போன பிறகு வாரத்தில் அவர் வாய்விட்டுப் பேசுவது அந்த ஒரு மணி நேரம்தான்.

அதற்கும் கமிட்டி வேட்டு வைத்துவிட்டது. இன்று பதினோரு மணிக்குள் பத்து மெம்பர்களின் கையெழுத்து இருந்தால் வகுப்பு நடக்கும். ஒன்று குறைந்தாலும் அடுத்த வாரத்திலிருந்து ஹால் கேரம் போர்டுக்கு.

வந்தது ஒன்பது பேர். பத்தாவது மெம்பர் லாட்ஜ் ராமசாமி. கோடை விழாக் கூட்டம், தலைக்கு மேல் வேலை.

"ராமசாமின்னு நீயே கிறுக்கிட வேண்டியதுதானே?" என்றார் எஸ்டேட் ரைட்டர் லூர்துராஜ். "அவரு ஒண்ணும் சொல்ல மாட்டாரு."

"போன வாரம் சார் சொன்னாருங்களே, ஜெயில்ல இருந்து தப்பிச்சுப் போறதுக்குக் கூட்டாளிங்க எல்லா ஏற்பாடும் பண்ணியும் சாக்ரடீஸ் போக மாட்டேன்னுட்டாருன்னு. நீங்கல்லாம் நொம்ப நேரம் கை தட்டுனீங்க."

"தத்துவம் வேற, ரிஜிஸ்டர் வேறய்யா!"

பேராசிரியர் தொண்டையைச் செருமினார். அவர் மற்றவர்களைப் போலக் கத்தவில்லை. படித்தவர் இல்லையா, தத்துவத்தையே துணைக்குக் கூப்பிட்டார்.

"இங்க பாரப்பா. ஒரு செயலோட பலனைத்தான் பார்க்கணும்னு ஒரு கட்சி உண்டு. நிறையப் பேருக்கு நன்மைன்னா அந்தக் காரியம் சரி. இதுல யாருக்கு நஷ்டம்?"

"அப்படிப் பார்த்தா சாக்ரடீஸும் போயிருக்கலாமுங்களே சார்?"

பேராசிரியர் கட்சி மாறினார்.

"எதையுமே நிச்சயமாச் சொல்ல முடியாதுன்னும் ஒரு கூட்டம் இருந்தது. ராமசாமி வரலைன்னு உனக்கு எப்படி நிச்சயம்?"

"கூப்பிடறதுக்கு இப்பத்தானுங்க போயிட்டு வந்தேன். ரூம் சாவி எடுத்துக் குடுத்துட்டு இருந்தாருங்க."

"உடம்புதானே அங்கே இருக்கு? உடம்பு வேற, மனசு வேற. அவர் மனசு இங்கேதான் இருக்கும்."

"மனசுக்குக் கையெழுத்துப் போட வராதுங்களே."

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். பழனிசாமி திரும்பிப் பார்த்ததும் அந்தச் சிரிப்பு இருமலாக மாறியது.

"ஆடு மேய்ச்சவனை உள்ளே விட்டா இப்படித்தான்" என்றார் பழனிசாமி.

மணி பத்து ஐம்பது. சென்றாயன் ஆபீஸ் ரூமுக்குள் போனார்.

"கமிட்டிக்குப் போட்டுக் குடுக்கப் போறான்" என்றார் லூர்துராஜ்.

சென்றாயன் திரும்பி வந்தபோது கையில் ஒரு அச்சடித்த படிவம் இருந்தது.

"ஏனுங்க சார், பொய்யி இல்லாத ஒரு வழி இருக்குதுங்க. சிப்பந்தியும் மெம்பராகலாம்னு விதியில போட்டிருக்குது. சந்தா கட்டி ரசீது போட்டுட்டேன். மெம்பர் ஒருத்தரு சிபாரிசுக் கையெழுத்துப் போட்டாப் போதுமுங்க. நானே பத்தாவது ஆளு."

பேராசிரியர் எழுந்தே விட்டார்.

"நீயா? உனக்கு எதுக்கப்பா இதெல்லாம்?"

"மூணு மாசமா கதவோரம் நின்னு கேக்கறனுங்க. அடுத்த வாரம், பானைக்குள்ள குடியிருந்த டயோஜெனிஸைப் பத்திச் சொல்றேன்னீங்க. ஊட்டுல போயி இதெல்லாம் சொன்னா எம் பொஞ்சாதி வீராயி நூறு கேள்வி கேக்கறா. பாதியில உட்டா அவகிட்ட நான் என்னத்தைங்க சொல்றது?"

பேராசிரியர் தன் பேனாவை எடுத்தார். பிறகுதான் ஞாபகம் வந்தது. அவர் மெம்பர் இல்லை, விருந்தினர். அவர் கையெழுத்து செல்லாது.

படிவம் முதல் வரிசையில் புறப்பட்டது.

லூர்துராஜ் வாங்கினார், பார்த்தார், பக்கத்து நாற்காலிக்குத் தள்ளினார். ஒருவர் மூக்குக்கண்ணாடியைத் தேடினார். அது அவர் மூக்கின் மேலேயே இருந்தது. ஒரு அம்மாள், வீட்டில் கேட்காமல் எதிலும் கையெழுத்துப் போடுவதில்லை என்றார்.

"இவனும் நம்மகூட உக்காந்துட்டா, டீ யாரு கொண்டாருவா?" என்று ஒரு முணுமுணுப்பு.

எட்டுப் பேரைத் தாண்டிப் படிவம் பழனிசாமியிடம் வந்தபோது மணி பத்து ஐம்பத்தெட்டு.

"சார், ரெண்டு நிமிஷம்தான் இருக்கு" என்றார் பேராசிரியர். குரல் கெஞ்சியது.

பழனிசாமி படிவத்தைக் கடைசி வரி வரை நிதானமாகப் படித்தார். நாலாக மடித்தார். சென்றாயன் கையில் கொடுத்தார்.

"'இவரை எனக்கு நன்றாகத் தெரியும்'னு அச்சடிச்சிருக்கு. மனசாட்சின்னு ஒண்ணு இருக்குதுங்களே சார்? பொய்க் கையெழுத்தெல்லாம் நம்மளால போட முடியாதுங்க."