மல்லாந்த தொப்பி

போர்க்காலத்தில் ஆற்றுப் பாலத்தின் காவல் தவசி என்ற நாயின் பொறுப்பில் இருந்தது. பாலம் ஏறுகிற எவரையும் "யாரது?" என்று கேட்க வேண்டும், அபாயச் சங்கு ஊதினால் இரும்புத் தொப்பியை மாட்டிக்கொண்டு பதுங்குகுழியில் இறங்க வேண்டும். ஒரு மத்தியானம் தொப்பியை வெயிலில் மல்லாத்தி வைத்துவிட்டுத் தவசி கண்ணயர்ந்தது. விழித்தபோது தொப்பிக்குள் ஒரு வாத்து முட்டை கிடந்தது. ஊரைக் காலி செய்து போகிற வாத்துக் கூட்டம் தூரத்து மேகத்துக்குள் நீந்திக்கொண்டிருந்தது.

அன்று முதல் தவசி வெறுந்தலையோடு, தொப்பியின்மேல் உட்கார்ந்தபடியே காவல் பார்த்தது.

"என்னவே, பொண்ணு பாக்காமலே பிள்ளைப்பேறா?" என்றது கைப்பிடிச் சுவரில் இருந்த காகம்.

"சத்தம் போடாதவே. உள்ள தூங்குது."

இருபத்தெட்டாம் நாள் காலை பத்து மணிக்குச் சங்கு ஊதியது. தலைமைக் காவலரான காளை குழிக்குள்ளிருந்து கத்தியது: "ஏலே தவசி, அதக் கொட்டிட்டுத் தொப்பிய மாட்டிட்டு வாலே! உசுரு போயிரும்!"

தவசி அசையவில்லை. விமானத்தின் நிழல் ஆற்றைக் கடந்து பாலத்தில் ஏறியது. பழக்கதோஷத்தில் அதையும் கேட்டுவிடலாமென்று தவசி வாயெடுத்தபோது, வயிற்றுக்கடியில் முட்டையின் ஓடு விரிசல் விட்டது.

"யாரது?" என்றது ஒரு சின்னக் குரல்.

இத்தனை வருஷத்தில் தவசியை யாரும் அப்படிக் கேட்டதில்லை.

"நாந்தான்," என்றது. நிழல் கடந்துபோகும்வரை தன் நீண்ட காதுகள் இரண்டையும் இறக்கித் தொப்பியை மூடிக்கொண்டது.